கூப்பிட்டார்கள், ஆள் இல்லை, தள்ளுபடி!

சங்கரன்கோவில் முன்சீப் கோர்ட்டானாலும் சரி, தேசத்தின் வேறெந்த மூலையிலுள்ள கோர்ட்டானாலும் சரி, காலையில் கோர்ட்டு கூடியதும் நடக்கும் முதல் காரியம் ஒன்றுதான். வழக்கு எண்ணை வாசிக்கிறார்கள். டவாலி வாசலுக்கு வந்து பெயரைக் கூப்பிடுகிறார். மூன்று முறை கூப்பிடுவது மரபு. பதில் குரல் இல்லையென்றால் கட்டின் மேல் ஒரு வரி எழுதப்படுகிறது: வாதியை அழைத்தும் ஆஜராகவில்லை, வழக்கு தள்ளுபடி.

ஒரே ஒரு வரி! சாட்சி இல்லை, விசாரணை இல்லை, தஸ்தாவேஜைப் புரட்டிப் பார்க்கவில்லை. நிலம் யாருடையது, கூலி பாக்கி உண்டா இல்லையா, வேலையிலிருந்து நீக்கியது நியாயமா என்று எவரும் கேட்கவில்லை. ஆனாலும் நிலம் போயிற்று, கூலி போயிற்று, வேலை போயிற்று. தோற்றவர் தோற்றதே தெரியாமல் தறியில் நின்று கொண்டிருக்கிறார்.

இதற்குச் சட்டம் வைத்திருக்கும் பெயர் ‘வழக்கை நடத்தாமை’. நடத்தாதது யார்? ஏன் நடத்தவில்லை? இந்தக் கேள்விகளை எழுப்பாமல் போடப்படும் அந்த ஒற்றை வரியை நீதி என்று ஏற்றுக்கொள்ள முடியுமா? உழைப்பாளி மக்கள் இதைக் கேட்டே ஆக வேண்டும்.

சட்டம் என்ன சொல்கிறது?

நமது சிவில் நடைமுறைச் சட்டம் 1908-ம் வருஷத்துச் சரக்கு. வெள்ளைக்கார சர்க்கார் இயற்றிய அந்தச் சட்டத்தின் 9-வது கட்டளைதான் இன்றும் அமுலில் இருக்கிறது. எதிரிக்குச் சம்மன் அனுப்ப வேண்டிய பேட்டாவை வாதி கட்டத் தவறினால் 2-வது விதியின் கீழ் வழக்கைத் தள்ளலாம். இருதரப்பும் வராவிட்டால் 3-வது விதியின் கீழ் தள்ளலாம். எதிரி வந்து நின்று வாதி வராமற் போனால் 8-வது விதி. அங்கே ‘தள்ளலாம்’ என்ற பேச்சே இல்லை, எதிரி உரிமையை ஒப்புக்கொண்டாலொழிய தள்ளியே தீர வேண்டும். அப்படித் தள்ளப்பட்டால் அதே வியாஜ்ஜியத்தை மறுபடி புதிதாகப் போடவும் முடியாது. 9-வது விதி கதவை அடைத்துவிடுகிறது. ஒரே ஒரு சந்து விட்டிருக்கிறார்கள். வராததற்குத் தக்க காரணம் காட்டி, பழைய வழக்கையே திரும்பக் கோப்பில் எடுக்கும்படி மனுப் போடலாம்.

அந்த மனுவுக்குக் கெடு எத்தனை நாள்? 30 நாள். 1908-ம் வருஷத்துக் காலவரையறைச் சட்டத்திலும் 30 நாள்; சுதந்திர இந்தியா 1963-ல் இயற்றிய புதிய காலவரையறைச் சட்டத்தின் 122-வது ஷரத்திலும் அதே 30 நாள். எந்த நாளிலிருந்து எண்ணுவது? தள்ளுபடியான தேதியிலிருந்து! வாதிக்குத் தெரிந்த தேதியிலிருந்து அல்ல.

அடுத்த ஷரத்தையும் பாருங்கள். எதிரி வராமல் ஒருதலையாக டிக்ரி ஆகியிருந்தால், அதை ரத்து செய்ய எதிரிக்கும் 30 நாள்தான். ஆனால் சம்மன் முறைப்படி சார்வாகவில்லை என்றால், அவருக்கு டிக்ரி தெரியவந்த நாளிலிருந்து எண்ணலாம் என்கிறது 123-வது ஷரத்து. நல்லது, நியாயந்தான். அதே நியாயம் வாதிக்கு ஏன் இல்லை? உன் வழக்கு தள்ளுபடியாகிவிட்டது என்று ஒரு கடுதாசி போட வேண்டுமென்ற கட்டாயம்கூட அந்த 9-வது கட்டளையில் இல்லையே! சொல்லாமலே தள்ளுவார்கள், சொல்லாத நாளிலிருந்தே கெடுவையும் எண்ணுவார்கள். நூறு வருஷத்துக்கு மேலாக இந்த வேடிக்கை நடக்கிறது.

வராதவர் யார்?

‘வழக்குப் போட்டவனுக்கு அக்கறை இல்லை, அதனால் வரவில்லை’ என்று மேஜைக்குப் பின்னால் இருந்துகொண்டு சொல்வது சுலபம். சங்கரன்கோவில் வட்டாரத்தின் வாழ்க்கையைப் பார்த்துவிட்டுச் சொல்லட்டும்.

இந்த ஊரில் விசைத்தறி ஓடுகிறது. நெய்த அளவுக்குத்தான் கூலி. தறியை விட்டு ஒரு நாள் விலகினால் அன்றைய கூலி இல்லை. வாய்தாவுக்கு வருகிற தொழிலாளி அன்றைய கூலியை இழந்துதான் வருகிறார். காலை பத்தரைக்குக் கோர்ட்டு வாசலில் நிற்கிறார். வழக்கு மத்தியானத்துக்குத் தள்ளிப் போகிறது. சாயங்காலம் ‘வாய்தா’ என்கிறார்கள். அடுத்த மாதம் மறுபடி அதே கதை. ஆறு வாய்தா ஒழுங்காக வந்தவர், ஏழாவது வாய்தாவுக்குக் காய்ச்சலாலோ கைக்காசு இல்லாததாலோ வராமற் போகிறார். அந்த ஏழாவது நாள்தான் கூப்பிடுகிறார்கள்! வந்த ஆறு நாளைக்கு எந்தக் கணக்கும் கிடையாது. வராத ஒரு நாளுக்கு வழக்கே பலி.

சுற்றுப்புறக் கிராமங்கள் மானம் பார்த்த பூமி. மழை தவறினால் குடும்பத்தோடு திருப்பூருக்கோ கேரளத்துக்கோ வேலைக்குப் போகிறார்கள். பூட்டிய வீட்டின் கதவில் நோட்டீஸை ஒட்டினால் சார்வானதாகச் சட்டம் வைத்துக்கொள்கிறது. ஒட்டியது வெயிலில் காய்ந்து உதிர்ந்து, அவர் பொங்கலுக்கு ஊர் திரும்பும்போது 30 நாள் எப்போதோ முடிந்திருக்கும்.

இன்னும் ஒன்று. புதிய கோர்ட்டு வருகிறது, வழக்கு ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு மாறுகிறது, எண் மாறுகிறது, ஜில்லாவே மாறுகிறது. திருநெல்வேலி ஜில்லாவிலிருந்த சங்கரன்கோவில் 2019 நவம்பர் 22 முதல் தென்காசி ஜில்லாவில் இருக்கிறது. இப்படிப்பட்ட மாற்றங்களின்போது எந்தக் கட்டு எந்த அலமாரிக்குப் போயிற்று என்று குமாஸ்தாவுக்கே புரிய நாளாகிறது. கையெழுத்துப் போட மட்டும் தெரிந்த விவசாயிக்கு எப்படிப் புரியும்?

மேல்கோர்ட்டுக்குப் போவதென்றால் கேட்கவே வேண்டாம். மதுரையில் ஹைகோர்ட்டுக் கிளை 2004 ஜூலை 24-ல்தான் திறக்கப்பட்டது. அதுவரை சங்கரன்கோவில்காரர் 550 கிலோமீட்டருக்கு மேல் பிரயாணம் செய்து சென்னைக்குப் போக வேண்டியிருந்தது. தென் ஜில்லா மக்களும் வக்கீல்களும் வருஷக்கணக்காகப் போராடித்தான் அந்தத் தூரத்தைக் குறைத்தார்கள். இன்றும் மதுரை 100 கிலோமீட்டருக்கு மேல்; தொழிலாளர் கோர்ட்டு இருக்கும் திருநெல்வேலி 50 கிலோமீட்டருக்கு மேல். தூரம், கூலி, பசி: இந்த மூன்றும் சேர்ந்து ஒருவரைக் கோர்ட்டுக்கு வரவிடாமல் செய்கின்றன. ஏட்டிலோ ‘வாதிக்கு அக்கறை இல்லை’ என்று ஏறுகிறது!

வக்கீல் வராவிட்டால்?

பணம் கொடுத்து வக்கீல் வைத்திருக்கிறோமே, அவர் பார்த்துக்கொள்ள மாட்டாரா? பாமர மக்களின் நம்பிக்கை இதுதான். இந்த நம்பிக்கைக்குச் சட்டம் என்ன மரியாதை தருகிறது?

1981-ல் சுப்ரீம் கோர்ட்டு ஒரு நல்ல தீர்ப்புச் சொன்னது. அலகாபாத் ஹைகோர்ட்டில் ஒரு கிராமவாசியின் அப்பீல் விசாரணைக்கு வந்த அன்று அவருடைய வக்கீல் இல்லை. அப்பீல் முடிந்து போயிற்று. வக்கீலை அமர்த்தி, பீஸ் கொடுத்து, தன்னால் ஆனதையெல்லாம் செய்துவிட்ட கிராமத்து மனிதர், வக்கீல் கோர்ட்டுக்குப் போகிறாரா என்று காவல் காத்துக்கொண்டிருக்க முடியாது. வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று நீதிபதி டி. ஏ. தேசாய் எழுதினார். செலவுத் தொகை 200 ரூபாயை வராத வக்கீலிடமிருந்தே வசூலிக்கும்படியும் உத்தரவாயிற்று.

1998-ல் சென்னையிலிருந்து சென்ற ஒரு வழக்கிலும் சுப்ரீம் கோர்ட்டு இதே வழியில் நடந்தது. ஒருதலை டிக்ரியை ரத்து செய்யும்படி கட்சிக்காரர் போட்ட மனு, 1993-ல் ஆஜராகாத காரணத்தால் தள்ளுபடி. வக்கீல் சொல்லவேயில்லை. 883 நாள் கழித்துத்தான் அவர் திரும்ப வர முடிந்தது. எத்தனை நாள் தாமதம் என்பது முக்கியமல்ல, சொல்லும் காரணம் உண்மையா என்பதே முக்கியம் என்று சுப்ரீம் கோர்ட்டு அந்தத் தாமதத்தை மன்னித்தது. அந்தக் கட்சிக்காரர் நுகர்வோர் மன்றத்துக்கும் போயிருந்தார். வக்கீல் 50,000 ரூபாய் நஷ்டஈடு கொடுக்க வேண்டுமென்று அங்கே உத்தரவும் பெற்றிருந்தார்.

அந்தக் கதவு இன்று திறந்திருக்கிறதா? இல்லை. 2024 மே 14-ல் சுப்ரீம் கோர்ட்டு, வக்கீல் தொழில் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வராது என்று தீர்ப்பளித்துவிட்டது. இனிமேல் வக்கீலின் அசட்டையால் வழக்கை இழந்தவர் பார் கவுன்சிலுக்குப் புகார் எழுதலாம். அல்லது நஷ்டஈடு கேட்டு சிவில் கோர்ட்டில் இன்னொரு வழக்குப் போடலாம். ஒரு வழக்கை நடத்தச் சக்தியில்லாமல் இழந்தவருக்குச் சொல்லப்படும் பரிகாரம், இன்னொரு வழக்கு! அதே 2024-ம் வருஷம் நவம்பரில் இன்னொரு தீர்ப்பு வந்தது. எல்லாப் பழியையும் வக்கீல் மேல் போட்டுவிட்டுத் தப்ப முடியாது, கட்சிக்காரரும் தம் வழக்கில் விழிப்பாக இருக்க வேண்டும் என்பது அதன் சாரம்.

விழிப்பாக இருக்க வேண்டும் என்பதை நாமும் ஒப்புக்கொள்கிறோம். ஆனால் விழித்திருக்க வசதி வேண்டாமா? கம்பெனிக்குச் சட்ட இலாகா இருக்கிறது. தேதி குறிக்கத் தனி ஆள் இருக்கிறார். தறித் தொழிலாளிக்கு இருப்பது கையிலுள்ள ஒரு துண்டுச் சீட்டு. இருவரிடமும் ஒரே விழிப்பை எதிர்பார்ப்பது சமத்துவம் ஆகாது. நொண்டியையும் குதிரையையும் ஒரே கோட்டில் நிறுத்திப் பந்தயம் விடுவது போன்றது அது.

சர்க்கார் பிந்தினால்? கோர்ட்டு பிந்தினால்?

ஏழை பிந்தினால் தள்ளுபடி. சர்க்கார் பிந்தினால் என்ன நடக்கிறது?

காஷ்மீரத்து அனந்தநாக் கலெக்டர் நிலஎடுப்பு நஷ்டஈட்டை எதிர்த்து அப்பீல் போட்டார். 4 நாள் பிந்திவிட்டது. 1987-ல் சுப்ரீம் கோர்ட்டு அதை மன்னித்தது. அப்போதுதான், வழக்கை அதன் நியாயத்தின் பேரில் தீர்ப்பதே மேல், தாமதத்தைத் தாராளமாக மன்னிக்க வேண்டும் என்ற புகழ்பெற்ற கோட்பாடுகள் வகுக்கப்பட்டன. நல்ல கோட்பாடுகளே. ஆனால் அவை யாருக்காகப் பிறந்தன என்பதைக் கவனியுங்கள்: நிலம் இழந்தவருக்காக அல்ல, நிலம் எடுத்த சர்க்காருக்காக! சர்க்கார் இலாகாக்கள் இந்தத் தாராளத்தைப் பிடித்துக்கொண்டு வருஷக்கணக்கில் அசட்டையாக இருந்தன. கடைசியில் 2012-லும் 2020-லும் சுப்ரீம் கோர்ட்டே சலித்துப்போய், கோப்பு மேஜைக்கு மேஜை நகர்ந்தது என்ற பழைய பல்லவியை ஏற்க முடியாது என்று கண்டித்தது. 2020-ல் 25,000 ரூபாய் அபராதமும் விதித்தது. அந்த அளவுக்கு முற்றிய பிறகே சர்க்காருக்குக் கண்டனம். தொழிலாளிக்கோ முதல் நாளே தள்ளுபடி.

கோர்ட்டே பிந்தினால் என்ன? நமது பழைய நெல்லை ஜில்லாவிலேயே உதாரணம் இருக்கிறது. 2016 சட்டசபைத் தேர்தலில் ராதாபுரம் தொகுதியில் வெற்றி வித்தியாசம் 49 ஓட்டு. தோற்றவராக அறிவிக்கப்பட்ட அப்பாவு தேர்தல் வழக்குப் போட்டார். தேர்தல் வழக்குகளை ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டுமென்று மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 86-வது பிரிவு சொல்கிறது. ஹைகோர்ட்டு மறு எண்ணிக்கைக்கு உத்தரவிட்டது 2019 அக்டோபரில்! எண்ணினார்கள்; முடிவை வெளியிட சுப்ரீம் கோர்ட்டு தடை போட்டது. 2021-ல் அந்தச் சட்டசபையின் ஆயுளே முடிந்தது. எண்ணிய ஓட்டின் முடிவு அதுவரை வெளியாகவில்லை. வழக்குப் போட்டவர் ஒரு நாள் வராவிட்டால் ‘நடத்தாமை’. ஐந்து வருஷத்தில் முடிவு சொல்லாததற்கு என்ன பெயர்? சட்டப் புத்தகத்தில் அதற்குப் பெயரே இல்லை.

கெடு என்பது கல்லில் வெட்டியது, அதை அசைக்க முடியாது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். கொரோனா காலத்தில் கோர்ட்டுகள் மூடப்பட்டன. வக்கீல்களும் பெரிய கட்சிக்காரர்களும் வர முடியவில்லை. உடனே சுப்ரீம் கோர்ட்டு தானாகவே முன்வந்து, 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையிலான காலத்தைக் கெடுக் கணக்கிலிருந்தே நீக்கிவிட்டது. தேசம் முழுவதற்கும் ஒரே உத்தரவு! மனிதன் வர முடியாத நிலையிலிருந்தால் கெடுவை நிறுத்தலாம் என்பதற்கு இதைவிட என்ன அத்தாட்சி வேண்டும்? நோய் வந்தால் நிறுத்தலாம் என்றால், வறுமையால் வர முடியாதவரின் காரணத்தைக் காது கொடுத்தாவது கேட்கக் கூடாதா? கொரோனா இரண்டு வருஷம் இருந்தது. வறுமை தலைமுறை தலைமுறையாக இருக்கிறது.

2024 பிப்ரவரி 29-ல் ஐந்து நீதிபதிகள் கொண்ட பெஞ்சு சொன்னதையும் நினைவில் வையுங்கள். ஹைகோர்ட்டு கொடுத்த தடையுத்தரவு ஆறு மாதம் ஆனதும் தானாகவே காலாவதி ஆகும் என்ற 2018-ம் வருஷத்து ஏற்பாட்டை அந்த பெஞ்சு ரத்து செய்தது. கட்சிக்காரரைக் கேட்காமலே, அவர் மீது தவறு இல்லாதபோதே, அவர் பெற்ற உத்தரவைப் பறிப்பது இயற்கை நீதிக்கு விரோதம் என்பது காரணம். சபாஷ்! அதே இயற்கை நீதி முன்சீப் கோர்ட்டு வாசலுக்கும் இறங்கி வர வேண்டாமா?

எதிர்வாதத்துக்குப் பதில்

‘அப்படியானால் வராதவனுக்காகக் கோர்ட்டு காத்துக்கிடக்க வேண்டுமா? எதிர்த் தரப்பில் இருப்பவனும் மனிதன்தானே? அவன் எத்தனை நாள் அலைவது? ஏற்கனவே ஜில்லாக் கோர்ட்டுகளிலும் அவற்றின் கீழுள்ள கோர்ட்டுகளிலும் 4 கோடிக்கு மேல் வழக்குகள் தேங்கிக்கிடக்கின்றனவே?’

நியாயமான கேள்வி. இதற்குப் பதில் சொல்லாமல் தப்ப நமக்கு விருப்பமில்லை. எதிர்த் தரப்பில் பல நேரங்களில் நிற்பதும் ஏழைதான். நிலச்சுவான்தாரோ வட்டிக்கடைக்காரரோ வழக்குப் போட்டுவிட்டு, இடைக்காலத் தடை உத்தரவு வாங்கிக்கொண்டு, பிறகு வழக்கை நடத்தாமல் இழுத்தடிப்பது நாம் அன்றாடம் பார்ப்பது. உழுதவர் நிலத்தில் இறங்க முடியாது, வழக்கும் முடியாது. ‘நடத்தாமை’ என்ற ஆயுதம் பாய வேண்டியது இங்கேதான்! எதிரியைக் கேட்காமல் கொடுத்த தடையுத்தரவு மனுவை 30 நாளுக்குள் முடிக்க முயல வேண்டுமென்று 39-வது கட்டளையின் 3-ஏ விதி 1976 முதல் சொல்லிக்கொண்டிருக்கிறது. முடிக்காவிட்டால் பாதிக்கப்பட்டவர் அப்பீல் போகலாம் என்று தமிழ்நாட்டிலிருந்து சென்ற வழக்கில் 2000-ல் சுப்ரீம் கோர்ட்டு சொல்லியிருக்கிறது. நடைமுறையில் அந்த 30 நாள் காற்றில் பறக்கிறது. பணக்காரரின் தடையுத்தரவுக்கு உள்ள 30 நாள் ரப்பர். ஏழையின் மனுவுக்கு உள்ள 30 நாள் இரும்பு.

ஆகவே வழக்குகள் முடிவின்றிக் கிடக்க வேண்டும் என்பது நமது கோரிக்கை அல்ல. வேண்டுமென்றே நடத்தாதவரையும் நடத்த முடியாதவரையும் பிரித்துப் பார்க்க வேண்டும் என்பதே நமது கோரிக்கை. பிரித்துப் பார்க்க என்ன வேண்டும்? தள்ளுவதற்கு முன் ஒரு வார்த்தை கேட்க வேண்டும். அவ்வளவுதான்.

தேக்கத்தைக் காட்டிப் பயமுறுத்துகிறார்களே, தேக்கத்துக்குக் காரணம் யார்? நீதிபதிப் பதவிகளைக் காலியாக வைத்திருப்பது விவசாயியா? போதிய கோர்ட்டுகளைத் திறக்காதது தறித் தொழிலாளியா? ஆட்சியாளர்கள் செய்யத் தவறியதன் சுமையை ஆஜராகாத ஏழையின் தலையில் இறக்கி, ‘வழக்கு முடிந்தது’ என்று கணக்குக் காட்டுகிறார்கள். தேசிய நீதித் தகவல் தொகுப்பிலேயே, எதிர்த்து நடந்து முடிந்தவை, எதிர்ப்பின்றி முடிந்தவை என்று இரண்டு வகை இருக்கிறது. தாமதத்துக்குச் சொல்லப்படும் காரணங்களில் ‘வக்கீல் இல்லை’ என்பதும் இருக்கிறது. காரணம் தெரிகிறது, கணக்கும் இருக்கிறது. பரிகாரம் மட்டும் இல்லை.

தேக்கம் குறைகிறதா என்றால் அதுவும் இல்லை. தள்ளிய வழக்கைத் திரும்ப எடுக்க ஒரு மனு, அதில் தாமதமானால் தாமதத்தை மன்னிக்க இன்னொரு மனு, அந்த மனுவுக்கு வராவிட்டால் அதுவும் தள்ளுபடி, அதற்கு மேல் ஒரு மனு, மறுத்தால் அப்பீல். மேலே சொன்ன 1998-ம் வருஷத்துக் கதை இதுதானே! மன்னிக்கும்போதும், இன்ன தேதிக்குள் எதிரிக்கு இத்தனை ரூபாய் கட்டினால் மனு அனுமதி, கட்டாவிட்டால் தள்ளுபடி என்று நிபந்தனை போடுவது வழக்கம். பஸ்ஸுக்குக் காசில்லாமல் வராதவரிடம் வராததற்காகக் காசு கேட்கிறார்கள். அந்தக் கெடு தவறினால் மறுபடி தள்ளுபடி. ஒரு வழக்கை முடிப்பதாகச் சொல்லி நாலு மனுக்களை உற்பத்தி செய்யும் விந்தையான இயந்திரம் இது.

கிரிமினல் சட்டத்தில் முடிந்தால் சிவிலில் ஏன் முடியாது?

பழைய கிரிமினல் நடைமுறைச் சட்டத்தின் 256-வது பிரிவு, புகார்தாரர் வராவிட்டால் எதிரியை விடுதலை செய்யச் சொன்னது. புகார் தள்ளுபடியானால் அதைத் திரும்ப எடுக்க மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரமில்லை என்று 1986-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. 2024 ஜூலை 1 முதல் அமுலுக்கு வந்த புதிய சட்டத்தின் 279-வது பிரிவிலும் விடுதலை இருக்கிறது. ஆனால் அதற்கு முன் புகார்தாரருக்கு ஆஜராக 30 நாள் அவகாசம் கொடுக்க வேண்டுமென்று சேர்த்திருக்கிறார்கள். அந்தப் புதிய சட்டத்தில் மக்கள் எதிர்க்க வேண்டியவை ஏராளம் உண்டு. இந்த ஒரு வரி சரியான வரி. தள்ளுவதற்கு முன் 30 நாள் பொறுத்தால் வானம் இடிந்து விழாது என்பதை சர்க்காரே ஒப்புக்கொண்ட வரி அது. கிரிமினல் கோர்ட்டில் பொறுக்க முடிகிற சட்டம், சிவில் கோர்ட்டில் ஏன் பொறுக்க மறுக்கிறது?

தொழிலாளிகளின் விஷயத்திலோ கெடுவைக் குறுக்குகிறார்கள். வேலைநீக்கம் செய்யப்பட்ட தொழிலாளி தகராறை எழுப்ப, பழைய தொழில் தகராறு சட்டத்தில் 2010-ம் வருஷத்துத் திருத்தம் மூன்று வருஷம் கொடுத்திருந்தது. 2025 நவம்பர் 21 முதல் அமுலாக்கப்பட்ட தொழில் உறவுத் தொகுப்புச் சட்டம் அதை இரண்டு வருஷமாக வெட்டிவிட்டது. முதலாளிக்கு ‘தொழில் செய்யும் வசதி’. தொழிலாளிக்குக் கெடுக் குறைப்பு! வழக்குப் போடும் முன்னரே தள்ளுபடி செய்யும் நவீன வழி இது.

என்ன வேண்டும்?

இலவச சட்ட உதவி தருவது ராஜ்யத்தின் பொறுப்பு என்று அரசியல் சாசனத்தில் 39-ஏ ஷரத்தைச் சேர்த்தது 1976-ல். சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் வந்தது 1987-ல். அது அமுலுக்கு வந்தது 1995 நவம்பர் 9-ல். பெண்கள், தாழ்த்தப்பட்ட மக்கள், பழங்குடியினர், ஆலைத் தொழிலாளிகள் ஆகியோருக்கு அதில் உரிமை உண்டு. தாலுகா தோறும் குழு அமைக்க அந்தச் சட்டத்தில் இடமிருக்கிறது. ஆனால் அந்தக் குழுவுக்கும் டவாலியின் குரலுக்கும் நடுவே எந்தத் தொடர்பும் இல்லை. இந்தத் தொடர்பை உண்டாக்க வேண்டும்.

நமது கோரிக்கைகள் இவை:

ஒன்று: கட்சிக்காரருக்கே நேரடியாகத் தபாலிலும் டெலிபோன் செய்தியிலும் அறிவிப்புக் கொடுத்து, 30 நாள் அவகாசம் தராமல் எந்த வழக்கையும் ஆஜராகாத காரணத்துக்காகத் தள்ளக் கூடாது. வக்கீலின் டெலிபோன் எண்ணைக் குறித்துக்கொண்டால் போதாது. கட்சிக்காரரின் எண் வேண்டும்.

இரண்டு: 122-வது ஷரத்தைத் திருத்தி, தள்ளுபடி தெரியவந்த நாளிலிருந்து கெடுவை எண்ண வேண்டும்.

மூன்று: வக்கீல் வராத வழக்கைத் தள்ளுவதற்குப் பதிலாக, சட்ட உதவிக்கு உரிமையுள்ளவரின் கட்டை அன்றே தாலுகா சட்டப் பணிகள் குழுவுக்கு அனுப்ப வேண்டும்.

நான்கு: திரும்ப எடுக்கும் மனுக்களில் ஏழைகள் மீது பணம் கட்டும் நிபந்தனை விதிக்கக் கூடாது. வக்கீலின் தவறானால் செலவை அவரிடமே வசூலிக்க வேண்டும். 1981-ல் வழி காட்டியாயிற்று.

ஐந்து: தடையுத்தரவு வாங்கிக்கொண்டு வழக்கை நடத்தாதவரின் தடையை 30 நாள் விதிப்படி, இருதரப்பையும் கேட்டு, கறாராகத் தீர்க்க வேண்டும்.

ஆறு: ஆஜராகாமல் தள்ளப்பட்ட வழக்குகள் எத்தனை என்று ஒவ்வொரு கோர்ட்டும் தனிக் கணக்கு வெளியிட வேண்டும். அவற்றை ‘தீர்த்த வழக்கு’ என்று பெருமைக் கணக்கில் சேர்க்கக் கூடாது.

இவை சட்டசபையிலும் பார்லிமெண்டிலும் ஹைகோர்ட்டிலும் ஆக வேண்டிய காரியங்கள். அதுவரை நாம் கைகட்டி நிற்கலாமா? கூடாது. சங்கரன்கோவில் விசைத்தறித் தொழிலாளிகள் கூலி உயர்வுக்காகப் பலமுறை தறியை நிறுத்திப் போராடியவர்கள். தனி ஆளாக முதலாளியிடம் கூலி கேட்க முடியாது என்று கண்டுதான் சங்கம் வைத்தார்கள். கோர்ட்டிலும் தனி ஆளாக நிற்பதால்தான் தோற்கிறோம்.

ஒவ்வொரு சங்க ஆபீசிலும் ஒரு வாய்தாப் பலகை மாட்டுங்கள். அங்கத்தினரின் வழக்கு எண், கோர்ட்டு, அடுத்த தேதி ஆகியவற்றை அதில் எழுதுங்கள். பையன்கள் கையிலுள்ள டெலிபோனிலேயே வழக்கின் நிலையைப் பார்க்க முடிகிறது. வாரத்துக்கு ஒரு முறை பார்த்துச் சரி செய்யச் சொல்லுங்கள். ஒருவர் போக முடியாத நாளில் இன்னொருவர் போய் வக்கீலிடம் சொல்லட்டும். திருப்பூரில் இருப்பவருக்கு ஊரிலிருப்பவர் சேதி அனுப்பட்டும். பேட்டாவுக்கு வழியில்லாதவருக்குச் சங்க நிதியிலிருந்து கொடுங்கள். விவசாயிகள் சங்கமும் மாதர் சங்கமும் இதைச் செய்யட்டும். ஜீவனாம்ச மனுப் போட்டுவிட்டுத் தனியாக நிற்கும் சகோதரிக்குப் பக்கத்தில் இரண்டு பேர் நின்றால், அவர் அடுத்த வாய்தாவுக்குத் தைரியமாக வருவார்.

கோர்ட்டில் ஜெயித்தவன் தோற்றான், தோற்றவன் செத்தான் என்பார்கள் பெரியவர்கள். ஜெயிக்கவும் இல்லை, தோற்கவும் இல்லை, கூப்பிட்டபோது இல்லை என்ற ஒரே காரணத்துக்காகப் பறிகொடுத்தவர்களைப் பற்றி அந்தப் பழமொழி ஒன்றும் சொல்லவில்லை. அவர்களுக்காக நாம் பேசியாக வேண்டும். உழைப்பாளியின் வழக்கு நியாயத்தில் தோற்றால் நாம் ஏற்போம். பஸ் சார்ஜ் இல்லாததால் தோற்பதை ஏற்க மாட்டோம். சங்கங்கள் இந்தக் கோரிக்கைகளைத் தீர்மானமாக நிறைவேற்றி ஹைகோர்ட்டுக்கும் சட்ட மந்திரிக்கும் அனுப்பட்டும். வாய்தாப் பலகை இந்த வாரமே மாட்டப்படட்டும்!